மதினிக்குத் தாகமா இருக்கும்

எனக்கு எழுபத்தெட்டு வயது. பெற்றது நான்கு, வளர்த்தது ஏழு. கொழுந்தன் பிள்ளைகள் மூன்றும் என் கையால்தான் சோறு தின்று ஆளாயின. மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். ஆனால் ஏழு பிள்ளைகளில் எதற்கு நிஜமாகப் பசிக்கிறது, எது சும்மா அழுகிறது என்பதை முகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவேன். பந்தியில் எல்லாரும் எழுந்த பிறகு உட்கார்ந்துதான் எனக்குப் பழக்கம். அப்படிப்பட்டவளுக்கு, எந்நேரமும் பசிக்கிறவள், நாலு எட்டு நடந்தால் மூச்சு வாங்குகிறவள் என்று இரண்டு குடும்பத்திலும் பேர் வாங்கிக்கொடுத்தவர் ஒருவர் உண்டு.

அவர் என் சம்பந்தியம்மா, மூத்த மகளின் மாமியார். சம்பந்தியைப் பேர் சொல்லும் வழக்கம் எங்களிடம் இல்லை. நான் அவரை மதினி என்பேன், அவரும் என்னை மதினி என்பார். அதனால் இங்கேயும் மதினிதான்.

மதினிக்கு எழுமலைப் பக்கம். நல்ல உயரம். முதுகு வளைந்து நான் பார்த்ததில்லை. பேச்சு மெதுவாகத்தான் வரும், ஆனால் வந்த பேச்சு திரும்பிப் போகாது. ஒரே ஒரு சொல் மட்டும் அவர் வாயில் வராது. "எனக்கு வேணும்" என்று அவர் எதையும் கேட்டதே இல்லை. அதற்காக அவருக்கு எதுவும் வேண்டாம் என்று நினைத்துவிடக் கூடாது. எல்லாம் வேண்டும். ஆனால் அடுத்தவர் பேரில்தான் வேண்டும்.

இதை நான் முதல் நாளே பார்த்தேன், புரிந்துகொள்ளத்தான் நாளாயிற்று. தல்லாகுளத்தில் எங்கள் வீட்டுக்குப் பெண் பார்க்க வந்தார்கள். நல்ல சித்திரை வெயில். எழுமலையிலிருந்து பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தார்கள். மதினி உள்ளே வந்து உட்கார்ந்ததும் என் வீட்டுக்காரரைப் பார்த்தார்.

"அண்ணனுக்கு எம்புட்டு வேர்க்குது பாருங்க. பேன கூட்டி வைங்கப்பா."

என் வீட்டுக்காரர் காற்றாடிக்கு நேர் கீழே உட்கார்ந்திருந்தார். நெற்றியில் இட்ட திருநீறு கூடக் கலையவில்லை. இருந்தும் பெரிய இடத்துச் சொல்லாயிற்றே என்று எழுந்துபோய்க் கூட்டி வைத்தார். காற்று மதினி பக்கம் நன்றாக வீசியது. அடுத்து என்னைப் பார்த்தார்.

"மதினிக்குத் தாகமா இருக்கும். பாவம், காலையில இருந்து அடுப்படியிலயே நின்னுருப்பாக."

யாரோ ஒரு சொம்பு தண்ணீரை என் கையில் கொடுத்தார்கள். வந்தவர் பார்த்துக்கொண்டிருக்க நான் குடிப்பேனா? அவரிடம் நீட்டினேன். "மதினி குடுக்கறாகளே, வேணாம்னா சொல்றது?" என்று அண்ணாந்து ஊற்றி ஒரு சொட்டு மிச்சமில்லாமல் குடித்தார்.

காபி குடித்தார்கள், பெண்ணைப் பார்த்தார்கள், எழுந்தார்கள். வாசலில் செருப்பைப் போடும்போது மதினி சொன்னார்: "பொண்ணுக்கு எங்களப் பிடிச்சுப் போச்சு போல. வாரோம் அண்ணே."

அவர்கள் தெருமுனை திரும்பிய பிறகு என் வீட்டுக்காரர் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். "அவுகளுக்குப் பிடிச்சிருக்கா இல்லையான்னு சொல்லாமலே போறாகளே!" சொல்லிவிட்டுத்தான் போயிருந்தார்கள் என்று எங்களுக்குத் தெரிய ஒரு வாரம் ஆயிற்று.

பேத்தி பிறந்து, எழுமலைப் பக்கம் அவர்கள் குலசாமி கோயிலில் காது குத்தினார்கள். கிடா வெட்டு. பந்தியில் என்னையும் மதினியையும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். கறி பரிமாறுகிறவர் வந்ததும் மதினி கையைக் காட்டி நிறுத்தினார்.

"எங்க மதினிக்கு நல்லி எலும்புன்னா உசிரு. பாத்துப் பாத்து வைக்காத, அள்ளி வையி."

என் இலையில் எலும்பு குவிந்தது. எனக்கு நல்லி எலும்பு ஆகாது. கடைவாய்ப் பல் போய் வெகுகாலம். நான் தொடாமல் உட்கார்ந்திருக்க, "வீணாக்கக் கூடாது மதினி" என்று ஒவ்வொன்றாய்த் தன் இலைக்கு எடுத்துக்கொண்டார். உறிஞ்சுகிற சத்தம் மூன்று இலை தாண்டிக் கேட்டது. அன்றோடு போயிற்றா என்றால் இல்லை. அந்தப் பக்கம் எந்த விசேஷத்துக்குப் போனாலும், நான் இலையில் உட்காரும் முன்னே எவனாவது ஒரு பையன் கத்துவான்: "ஏய், தல்லாகுளத்து அத்தை வந்துட்டாக! நல்லி எலும்ப எடுத்து வைங்கடா!"

திருப்பரங்குன்றத்தில் மலையைச் சுற்றி நடக்கப் போனோம். வழியில் ஒரு கடை பாக்கியில்லை. "மதினிக்கு மூச்சு வாங்குது, செத்த உக்காருவோம்." மதினியின் மார்பு துருத்தி மாதிரி ஏறி இறங்கும். நான் நின்றுகொண்டு அவரைப் பார்த்துக்கொண்டிருப்பேன். கடைக்காரர் மட்டும் ஸ்டூலை என் பக்கம் இழுத்துப் போட்டு, "உக்காருங்கம்மா, வயசான காலத்துல எதுக்கு இந்தப் பாடு?" என்று என்னைத்தான் கேட்பார்.

மகளிடம் சொல்லிக் குறைப்பட்டேன். அவள்தான் ஒரு சங்கதி சொன்னாள். மதினி மருமகளாய்ப் போன வீடு ஏகப்பட்ட ஆட்கள் இருந்த வீடு. அங்கே மருமகள் பசிக்கிறது என்றால் சிரிப்பார்களாம். பிள்ளைக்குப் பால் பத்தவில்லை என்றால்தான் சோறு போடுவார்களாம். "அதே பழக்கந்தான்மா, விடுங்க" என்றாள். விடலாம்தான். ஆனால் அவர் பழக்கத்துக்கு என் மானமா கிடைத்தது?

ஏழெட்டு வருடம் முன்னால், பேத்தி சிறுமியாய் இருந்தபோது, கோடை விடுமுறையில் மதினி தன் மகனிடம் சொல்லியிருக்கிறார்: "மதினி பாவம்ப்பா. கடல நின்னு பாத்ததே இல்ல."

எங்கள் பக்கத்து ஜனத்துக்குக் கடல் என்றால் ராமேஸ்வரம். செத்தவர்களுக்குத் திதி கொடுக்க வேண்டும், முங்க வேண்டும், ஈரச் சேலையோடு திரும்ப வேண்டும். கடலைச் சும்மா நின்று பார்க்க யாருக்குத் தோன்றும்? மதினிக்குத் தோன்றியிருக்கிறது. பழி என் மேல் விழுந்தது. என் மூத்த மகன் போன் போட்டு, "கடலுக்கு ஆசைன்னா என்கிட்ட சொல்லக் கூடாதா? மாப்பிள்ளைகிட்டயா கேக்கணும்?" என்று கோபித்துக்கொண்டான்.

மாப்பிள்ளை கிழக்குக் கடற்கரையில் ஒரு ரிசார்ட்டில் அறை போட்டார். தென்னந்தோப்புக்குள் ஓலை வேய்ந்த குடிசைகள், உள்ளே ஏசி. மதினி கூரையைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "மழை வந்தா மதினிக்கு மேல ஒழுகுமேப்பா" என்று சொல்லி, சுவரோரக் கட்டிலைத் தனக்கு எடுத்துக்கொண்டார்.

மறுநாள் காலையில் பலகாரம் சாப்பிடப் போனோம். தட்டு எடுத்துக் கொடுக்கும் பையன் என்னைப் பார்த்துச் சிரித்தான். "அம்மா, நேத்து மூணு கப் ஐஸ்கிரீம் கேட்டது உங்களுக்குத்தான? இப்பவும் இருக்கும்மா, கொண்டு வரவா?"

நான் திரும்பி மதினியைப் பார்த்தேன். அவர் பொங்கலில் மிளகைத் தேடிக்கொண்டிருந்தார்.

சொந்தக்காரர்கள் வரைக்கும் பொறுத்தேன். கடலோரத்தில் முன்பின் தெரியாத பிள்ளை வரைக்கும் என் பேர் போய்விட்டதென்றால் எப்படிப் பொறுப்பது? அந்த இடத்தில் முடிவு செய்தேன். இன்றைக்கு மதினி வாயிலிருந்து "எனக்கு" என்ற சொல்லை வாங்காமல் விடுவதில்லை.

அன்று முழுநாளும் படகில் போய் அலையாத்திக் காடும் பறவைகளும் பார்க்க ஏற்பாடு. படகுத்துறையில் ஆளுக்கொரு இளநீர் வெட்டிக் கொடுத்தார்கள். வெளியூர்ப் பயணம் என்றால் முந்தின இரவோடு தண்ணீரை நிறுத்திவிடுவது எங்கள் வயதுப் பெண்களின் வழக்கம். போகிற இடத்தில் ஒதுங்க வசதி இருக்குமோ இருக்காதோ. காரணம் அதுதான். அதனால் இளநீரைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். மதினி தன்னுடையதைக் குடித்து முடித்துவிட்டு என் காயைப் பார்த்தார். அந்தப் பார்வையை நான் அறிவேன்.

"மதினிக்கு இது சேராது போல" என்று கையை நீட்டினார்.

"யாரு சொன்னா? நல்லாச் சேரும்" என்று ஒரே மூச்சில் நானே குடித்துவிட்டேன். பெரிய காய். மதினி அசரவில்லை. "பேத்திக்குத் தாகமா இருக்கும்" என்று இன்னொன்று வெட்டச் சொல்லி, பேத்தி ஒரு வாய் உறிஞ்சியதும் மிச்சத்தை முடித்தார்.

படகில் நாங்கள் ஐந்து பேர். கூடப் படகுக்காரரும், பறவை காட்டுவதற்கு ஒரு பெண்ணும். மிதக்கிற சட்டை என்று ஒரு மெத்தையைப் போட்டு வயிற்றோடு இறுக்கிக் கட்டிவிட்டார்கள். நானும் மதினியும் எதிரெதிரே உட்கார்ந்தோம்.

அந்தப் பெண் சொன்னாள்: "ரெண்டு பக்கமும் சேறுதான், எங்கயும் இறங்க முடியாதும்மா. மதியத்துக்கு ஒரு கொட்டகைக்குப் போவோம். சாப்பாடு, மத்த வசதியெல்லாம் அங்கதான்."

காடு நன்றாகத்தான் இருந்தது. மரங்கள் உப்புத் தண்ணீரில் முட்டிவரை நின்றன. சேற்றிலிருந்து குச்சி குச்சியாய் எதுவோ மேலே நீட்டிக்கொண்டிருந்தது, சோளத்தட்டை அறுத்த கொல்லை மாதிரி. அதெல்லாம் மூச்சுவிடும் வேர் என்றாள் அந்தப் பெண்.

"வேருக்கும் மூச்சு வாங்குதா?" என்றார் மதினி. "எங்க மதினி மாதிரி."

"எனக்கு மூச்செல்லாம் வாங்கல" என்றேன், எல்லாருக்கும் கேட்கும்படி.

கொஞ்ச தூரம் போயிருப்போம். மதினி ஒரு முழங்காலை இன்னொன்றின் மேல் போட்டார், பிறகு மாற்றிப் போட்டார். எனக்கு விளங்கிவிட்டது. ஏழு பிள்ளை வளர்த்தவளுக்கு இது தெரியாதா?

"மதினிக்குக் கால் மரத்திருக்கும். கரையில நிறுத்தச் சொல்லுங்கப்பா."

"மரக்கலையே."

மறுபடியும் கொஞ்ச நேரம். "மதினிக்கு வயசாச்சு பாருங்க. ரொம்ப நேரம் அடக்க முடியாதுல்ல" என்றார் சன்னமாக.

"உங்களுக்கு நான் ரெண்டு வயசு இளையவ மதினி. எனக்கு ஒண்ணுமே இல்ல. உங்களுக்கு எதுவும் வேணும்னா வாயத் தொறந்து கேளுங்க. உங்க பிள்ளதான, என்ன கூச்சம்?"

"மதினிக்காகத்தான் கேட்டேன்" என்று வாயை மூடிக்கொண்டார். இன்னும் சற்று நேரம்தான், அந்தச் சொல் வந்துவிடும் என்று எனக்குத் தெம்பாக இருந்தது.

கால்வாய் முடிந்து படகு அகலமான நீர்ப்பரப்புக்கு வந்தது. தூரத்து மணல்திட்டில் பூநாரைகள் நின்றன. படகுக்காரர் இயந்திரத்தை நிறுத்தினார். "யாரும் பேசக் கூடாது, அசையக் கூடாது" என்றாள் அந்தப் பெண். எல்லாம் அமைதியாயிற்று. படகின் அடியில் மட்டும் தண்ணீர் சளக், சளக் என்று அடித்துக்கொண்டே இருந்தது.

அந்தச் சத்தத்தில்தான் நான் குடித்த இளநீருக்கு என் நினைப்பு வந்தது. முதலில் லேசாக. பிறகு லேசாக இல்லை. மேலே கட்டிய மெத்தை வேறு அமுக்குகிறது. வாயைத் திறக்கலாம் என்றால், ஒன்றுமில்லை ஒன்றுமில்லை என்று ஊரறியச் சொல்லியாயிற்று. சொன்ன வாயைத் திருப்புவது எங்கள் வம்சத்திலேயே கிடையாது. நானும் முழங்கால் மேல் முழங்கால் போட்டேன். எதிரே மதினி என்னைப் பார்த்தார். அவருக்கும் விளங்கிவிட்டது.

வேறு வழியில்லாமல் அவர் வித்தையை நானே எடுத்தேன். "மதினிக்கு முகமெல்லாம் வாடிப்போச்சு. கரைக்குப் போவமா?"

"மதினி கூட இருக்கையில எதுக்கு வாட்டம்?" என்றார் மதினி. "மதினி போகணும்னு சொல்லட்டும், போவோம்."

என் மகள் திரும்பினாள். "ரெண்டு பேருக்கும் என்ன வேணும்? சொல்லித் தொலைங்க."

"ஒண்ணுமில்ல" என்றோம், இருவரும் ஒன்றாக.

அந்த நேரம் பார்த்து மாப்பிள்ளை போட்டோ எடுக்க எழுந்தார். படகு ஆடியதில் விழாமலிருக்க இந்தக் காலிலும் அந்தக் காலிலுமாக மாறி மாறி நின்றார். நான் மதினியைப் பார்த்தேன். மதினி என்னைப் பார்த்தார். இருபது வருடச் சம்பந்தத்தில் எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே எண்ணம் வந்தது அந்த ஒரு நேரம்தான்.

"தம்பிக்கு..." என்று மதினி தொடங்கினார்.

"மாப்பிள்ளைக்கு ஒதுங்கணும் போல" என்று நான் முடித்தேன்.

மாப்பிள்ளை கேமராவை இறக்கினார். "எனக்கா?"

"அடக்கக் கூடாதுய்யா" என்றார் மதினி. "சின்னதுலயே நீ இப்படித்தான். சொல்லவே மாட்ட."

"கல்லடைப்பு வந்துரும் மாப்ள" என்றேன் நான்.

"அத்தே, எனக்கு ஒண்ணும்..."

"கூச்சப்படுறாரு" என்றோம் இருவரும்.

பறவைப் பெண் பரிதாபமாக, "முன்னாடியே சொல்லிருக்கலாம்ல சார்" என்றாள். படகுக்காரர், "நானும் பாத்துட்டேதான் வந்தேன். சார் ரொம்ப நேரமா நெளிஞ்சாரு" என்று இயந்திரத்தை இழுத்துவிட்டார். மாப்பிள்ளை தன் பெண்டாட்டியைப் பார்த்தார். என் மகள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு தண்ணீர்ப் பக்கம் திரும்பிவிட்டாள்.

இயந்திரச் சத்தத்துக்குப் பூநாரைகள் அத்தனையும் ஒன்றாய்க் கிளம்பின. நிற்கும்போது வெளுப்பாகத் தெரிந்தவை, சிறகை விரித்ததும் உள்ளே செவசெவவென்று இருந்தன. எங்கள் தலைக்கு மேலாக, வானம் திறந்துகொண்ட மாதிரி போயின. "ஆத்தாடி!" என்று மதினி எழுந்தே நின்றுவிட்டார். அப்படி வாயைப் பிளந்து அவர் எதையும் பார்த்து நான் பார்த்ததில்லை. பட்ட அவஸ்தையெல்லாம் மறந்து நின்றார். எனக்குத்தான் மறக்கவில்லை.

கொட்டகையில் ஒரே ஒரு கழிப்பறை. மாப்பிள்ளை மரியாதைக்குக் கதவுவரை போய்விட்டு, "அத்தே, நீங்க மொதல்ல" என்று ஒதுங்கிக்கொண்டார்.

"மதினி போகட்டும்" என்றேன்.

"மதினி போகட்டும்" என்றார் மதினி.

நாங்கள் இப்படி நின்றுகொண்டிருக்க, பேத்தி எங்களுக்கு நடுவே புகுந்து உள்ளே ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டாள். சாவகாசமாகப் பாட்டு வேறு பாடினாள். இரண்டு கிழவிகளும் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றோம். அதற்குப் பிறகு யார் முதலில் போனது என்று நான் எழுத மாட்டேன். மதினி இல்லாத நேரத்தில் அதைச் சொல்வது மரியாதையில்லை.

திரும்புகையில் மதினி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். மாலை வரைக்கும் என் பேரில் ஒன்றும் கேட்கவில்லை. மகன் பேரிலும் கேட்கவில்லை. வெயில் உச்சந்தலையில் நின்றது. அவர் உதடு வெடித்துக் கிடப்பதைப் பார்த்தேன். தண்ணீர்க் குடம் படகுக்காரர் காலடியில்தான் இருந்தது. மதினி குடத்தைப் பார்ப்பார், கடலைப் பார்ப்பார். நான் கேட்ட அந்தச் சொல்லைச் சொல்லவும் முடியவில்லை, பழைய சொல்லைச் சொல்லவும் மனம் வரவில்லை அவருக்கு. காலையில் இருந்து நான் காத்துக்கொண்டிருந்த நேரம் இதுதான். இன்னும் கொஞ்சம் பொறுத்திருந்தால் வந்திருக்கும்.

"ஏத்தா" என்று மகளைக் கூப்பிட்டேன். "எனக்குத் தாகமா இருக்கு. ஒரு சொம்பு தண்ணி குடு."

வாங்கி மதினியிடம் நீட்டினேன். எப்போதும் போல அண்ணாந்து முழுவதையும் குடித்தார். சொம்பைத் திருப்பிக் கொடுத்து, "மதினிக்கு இப்பத்தான் தெளிச்சியா இருக்கும்" என்றார்.

"ஆமா மதினி" என்றேன்.

அந்தப் பயணத்தில் நஷ்டப்பட்டவர் மாப்பிள்ளை ஒருவர்தான். எந்தக் கல்யாணத்துக்கு வேன் கிளம்பினாலும் சொந்தக்காரர்கள் டிரைவரிடம் முதலிலேயே சொல்லிவிடுவார்கள்: "அண்ணே, வழியில பாத்து நிறுத்துங்க, எங்க மாப்பிள்ளைக்கு முடியாது." வேன் நின்றதும் நானும் மதினியும்தான் முதலில் இறங்குவோம்.

போன வருடம் மதினி படுத்துவிட்டார். மகள் போன் செய்தாள். "அம்மா, அத்தை ஒண்ணு சொல்றாக. உங்கம்மாவுக்கு என்னைப் பாக்கணும் போல இருக்கும், வரச்சொல்லு அப்படின்னு."

கட்டின சேலையோடு எழுமலை பஸ் ஏறினேன். கட்டிலில் கிடந்தார். படுத்திருக்கும்போதும் முதுகு நேராகத்தான் இருந்தது.

"வாங்க மதினி. பாக்கணும்னு தவிச்சுப் போயிட்டீகளாம்ல."

"ஆமா மதினி. இருக்க முடியல."

கையைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். கண்ணை மூடியபடியே பேசினார். "மதினிக்கு அந்தச் செவப்புப் பறவைகள இன்னொருக்கப் பாக்கணும்னு ஆசையா இருக்கும்."

"இருக்கு மதினி. ரொம்ப நாளா இருக்கு. வெயில் தாழட்டும், போவோம். நீங்கதான் துணைக்கு வரணும்."

"மதினி கேட்டா மாட்டேன்னா சொல்லப் போறேன்?" என்றார்.

வெயில் தாழும் முன்னே போய்விட்டார்.

இம்புட்டையும் நான் எழுத்துக் கூட்டி எழுதி முடிக்க ரொம்ப நாள் பிடித்தது. கண்ணும் முன்னே மாதிரி இல்லை. எழுமலைக்குக் கொண்டுபோய், பேத்தி பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் தாளை நீட்டினேன்.

"கொஞ்சம் சத்தமா வாசிச்சுக் காட்டு தாயி."

"நீங்கதான அம்மாச்சி எழுதுனீங்க? திரும்ப எதுக்கு?"

"எனக்கென்ன வந்துச்சு? வாசி. உங்க அப்பத்தாவுக்குத்தான் கேக்கணும் போல இருக்கும்."